பஞ்சாங்க நட்சத்திரங்களை அடையாளம் வைத்து மெசியர் பட்டியலைத் தேடுவது எப்படி?

18-ஆம் நூற்றாண்டுப் பிரெஞ்சு வானியலாளர் சார்ல் மெசியர் தேடியது வால்நட்சத்திரங்களை. 1758 ஆகஸ்ட் 28 அன்று ரிஷப ராசிப் பக்கம் மங்கலான ஒரு புகைத்திட்டு அவர் கண்ணில் பட்டது. அடுத்தடுத்த இரவுகளில் பார்த்தாலும் அது இருந்த இடத்தைவிட்டு நகரவில்லை. நகராதது வால்நட்சத்திரமாக இருக்க முடியாது. இப்படி நம்மை ஏமாற்றுகிறவற்றையெல்லாம் எழுதி வைத்துவிட்டால் அடுத்த முறை நேரம் வீணாகாதே என்று அவர் தொடங்கிய பட்டியல்தான் எம்-1 முதல் இன்று எம்-110 வரை வந்திருக்கிறது. 1774-இல் 45, 1781-இல் 103, மீதி ஏழும் பிற்காலத்தவர் அவருடைய குறிப்புகளையும் அவர் நண்பர் பியேர் மெஷானுடைய குறிப்புகளையும் புரட்டிச் சேர்த்தவை. அவர் வேண்டாம் என்று ஒதுக்கியவை இன்று நாம் தேடித் தேடிப் பார்க்கிறவையாகிவிட்டன. அவர் கண்டுபிடித்த வால்நட்சத்திரங்களின் பெயரை யார் நினைவு வைத்திருக்கிறார்கள்?

இந்த 110-இல் 40 கேலக்ஸிகள், 29 கோளக் கொத்துகள், அதாவது நட்சத்திரங்கள் பந்தாகத் திரண்டு நிற்பவை. தளர்வாகக் கூடி நிற்கும் திறந்த கொத்துகள் 25-க்கு மேல். மீதியில் நெபுலாக்கள் என்ற வாயு, தூசு மேகங்கள் போக, எம்-40 என்ற வெறும் இரட்டை நட்சத்திரமும், எம்-73 என்ற சும்மா நாலு நட்சத்திரமும் உண்டு. இந்த வழிகாட்டி கொத்துகளுக்கும் கேலக்ஸிகளுக்கும் மட்டும்தான்.

இணையத்தில் கிடைக்கும் வழிகாட்டிகள் பெரும்பாலும் ஐரோப்பா, அமெரிக்கா வானத்துக்கு எழுதியவை. அவற்றை அப்படியே நம் ஊரில் வைத்துப் பார்த்தால் 'சுலபம்' என்று போட்டது கஷ்டமாக இருக்கும், 'கஷ்டம்' என்று போட்டது தலைக்கு மேல் நிற்கும். மெசியர் பார்த்தது பாரீஸிலிருந்து, வடக்கே கிட்டத்தட்ட 49 டிகிரி. திருச்சியும் கோவையும் 11 டிகிரி. அவருக்கு எம்-7 என்ற தென்வானக் கொத்து அடிவானத்திலிருந்து 6 டிகிரிதான் எழும்பும். நமக்கு 44 டிகிரி வரை ஏறும். ஆகவே இங்கே வேறு வரிசையில் போகலாம். அடையாளத்துக்கு வெளிநாட்டுப் பெயர்களும் அதிகம் வேண்டாம். கார்த்திகை, பூசம், சித்திரை, கேட்டை என்று பஞ்சாங்கத்தில் தினமும் பார்க்கிற பெயர்கள் வானத்தில் உண்மையாகவே இருக்கும் நட்சத்திரங்கள். அவை போதும்.

முதலில் இருட்டு, பிறகுதான் கருவி

அமாவாசைக்கு முன்னும் பின்னும் ஐந்து நாள் என்று வைத்துக்கொள்ளுங்கள். நிலா இருந்தால் கொத்துகளாவது தெரியும், கேலக்ஸிகளை மறந்துவிடலாம். மாதத்தையும் பார்க்க வேண்டும். அக்டோபர் முதல் டிசம்பர் பாதி வரை வடகிழக்குப் பருவமழை, ஜூனிலிருந்து தென்மேற்கு மேகம். தமிழ்நாட்டில் நம்பி உட்காரக்கூடிய காலம் ஜனவரி முதல் மே நடு வரை.

இடம் என்றால் பெரிய நகரத்திலிருந்து 50, 60 கிலோமீட்டர் தள்ளிப் போனாலே வித்தியாசம் புரியும். ஜவ்வாது மலையில் காவலூரில் வைணு பாப்பு வானாய்வகம் அமைந்ததற்கு அந்த இருட்டும் ஒரு காரணம். மலைக்குப் போக முடியாதவர்களுக்குச் சொந்த ஊர் வயல்வெளியே போதும். ஷூ போட்டுக்கொள்ளுங்கள், பாம்பு நடமாடுகிற நேரம் அது. தெற்குப் பக்கம் தென்னந்தோப்போ தெருவிளக்கோ இல்லாத இடமாகப் பாருங்கள். நம் சிறந்த சரக்கெல்லாம் தெற்கில்தான்.

கருவி: 10×50 பைனாகுலர். டெலஸ்கோப் இப்போது வேண்டாம். பெட்டியில் '500 மடங்கு' என்று அச்சிட்டு விற்கும் பொம்மை டெலஸ்கோப் எப்போதுமே வேண்டாம். மெசியர் பெரும்பாலும் பயன்படுத்தியவை மூன்றரை அங்குலம் அளவு லென்ஸ் உள்ள சின்னத் தொலைநோக்கிகள்தான். நல்ல இருட்டில் பைனாகுலரிலேயே பட்டியலில் பாதிக்கு மேல் பார்த்துவிட முடியும். 10×50-இல் ஒரே பார்வையில் சுமார் ஆறரை டிகிரி வானம் விழும். கையை நீட்டி முஷ்டியை மடக்கினால் அதன் அகலம் 10 டிகிரி, நடு மூன்று விரல்கள் 5 டிகிரி. இந்த இரண்டு அளவும் கீழே திரும்பத் திரும்ப வரும்.

கண்ணைப் பழக்குதல்

இருட்டில் அரை மணி நேரம் சும்மா இருங்கள். அதற்குள் ஒரு தடவை செல்போனை எடுத்தால் அந்த அரை மணியும் போச்சு. டார்ச் முகப்பில் சிவப்புக் கண்ணாடித்தாளை இரண்டு மடிப்பாகச் சுற்றி ரப்பர் பேண்ட் போடுங்கள். வரைபடம் பார்க்க அந்த வெளிச்சம் போதும்.

அப்புறம் கடைக்கண் பார்வை. மங்கலான பொருளை நேராக முறைத்துப் பார்த்தால் மறைந்துவிடும், கொஞ்சம் தள்ளிப் பார்த்தால் தெரியும். விழித்திரையின் நடுவில் நிறம் பார்க்கும் செல்கள்தான் நெருக்கமாக இருக்கின்றன. மங்கல் வெளிச்சத்தை உணரும் செல்கள் அதைச் சுற்றித்தான் அதிகம். காரணம் இவ்வளவுதான், ஆனால் பழக ஒரு வாரமாவது ஆகும்.

இன்னொன்றையும் இங்கேயே சொல்லிவிடுகிறேன். கேலக்ஸி என்றால் படத்தில் பார்த்த நீலமும் செம்மையும் கலந்த சுருள் தெரியாது. சாம்பல் நிறத்தில் ஒரு மூச்சுக்காற்றுப் பனி தெரியும், அவ்வளவுதான். நான் முதன்முதலில் ஆண்ட்ரோமெடாவைப் பார்த்துவிட்டு, லென்ஸில் அழுக்கு என்று நினைத்து வேட்டி நுனியால் துடைத்தேன்.

முதல் இரவு: கார்த்திகையிலிருந்து ஆயில்யம் வரை

பிப்ரவரி மாத இரவு 8, 9 மணிக்குத் தொடங்குங்கள். கார்த்திகையைத் தேடத் தேவையில்லை, மேற்கு வானில் சின்னக் கூட்டமாகத் தானே தெரியும். சங்கப் பாடல்களில் அறுமீன் என்று வருவது இதுதான். மெசியருக்கு எம்-45. வெறுங்கண்ணுக்கு ஆறு, பைனாகுலரில் ஐம்பதுக்கு மேல். 440 ஒளியாண்டு தூரம், வயது சுமார் 10 கோடி ஆண்டு. டைனோசர்கள் இங்கே நடமாடியபோது பிறந்த நட்சத்திரங்கள். இதை யாராவது வால்நட்சத்திரம் என்று நினைப்பார்களா? நினைக்க மாட்டார்கள். முதல் பட்டியலை வெளியிடும்போது மெசியர் ஏன் இதைக் கடைசியில் சேர்த்தார் என்பது இன்றும் பேச்சுதான்.

அடுத்து, வானத்திலேயே பிரகாசமான நட்சத்திரமான சிரியஸ். அதிலிருந்து தெற்கே 4 டிகிரி இறங்கினால் எம்-41. சிரியஸும் அதுவும் பைனாகுலரில் ஒன்றாகவே அடங்கும். நல்ல தொடக்கம், தவறவே தவறாது.

சிரியஸிலிருந்து கிழக்கே ஒரு முஷ்டியும் கொஞ்சமும் போனால் எம்-47, எம்-46 இரண்டும் பக்கத்தில் பக்கத்தில். இங்கே கொஞ்சம் நில்லுங்கள். எம்-47 பிரகாசமான நட்சத்திரங்களை இறைத்துவிட்டது போல இருக்கும். எம்-46 கோலமாவைத் தூவிய மாதிரி பொடிப்பொடியாக, புகையாகவே தெரியும். பின்னது சில மடங்கு தூரத்தில் இருப்பதுதான் காரணம். இந்த எம்-47 வெகு காலம் 'காணாமல் போன' பொருள். மெசியர் எழுதி வைத்த இடத்தில் போய்ப் பார்த்தால் அங்கே எதுவுமே இருக்காது. பக்கத்து நட்சத்திரத்திலிருந்து தூரத்தைக் கணக்கிட்டபோது கூட்டல் கழித்தல் குறியை மாற்றிப் போட்டுவிட்டார் என்று 20-ஆம் நூற்றாண்டில்தான் கண்டுபிடித்தார்கள். கணக்கு நோட்டில் நாம் செய்கிற அதே தப்பு!

இப்போது கிழக்குப் பக்கம் திரும்புங்கள். புனர்பூசத்தின் இரட்டை நட்சத்திரங்கள் ஒரு பக்கம், மகம் இன்னொரு பக்கம். இரண்டுக்கும் நடுவில் வெறுமையாகத் தெரியும் இடத்தில்தான் பூசம். நல்ல இருட்டில் வெறுங்கண்ணுக்கே ஒரு பனித்துளி போலத் தெரியும். பைனாகுலரை வைத்தால் தேனீக்கூட்டம், அதாவது எம்-44. 1610-இல் கலிலியோ தன் சின்னத் தொலைநோக்கியில் பார்த்து, இது புகை அல்ல, நாற்பதுக்கு மேற்பட்ட நட்சத்திரங்கள் என்று எழுதினார். 580 ஒளியாண்டு.

பூசத்திலிருந்து தெற்கே ஆயில்யம் வரை மெதுவாக இறங்குங்கள். ஆயில்யம் என்பது பாம்பின் தலைபோல நெருங்கி நிற்கும் சில நட்சத்திரங்கள். வழியில், பாதியைக் கொஞ்சம் தாண்டி, எம்-67 கிடைக்கும். பார்க்கப் பெரிதாக ஒன்றுமில்லை, மங்கலான ஒரு திட்டு. ஆனால் திறந்த கொத்துகள் சில கோடி ஆண்டுகளிலேயே சிதறத் தொடங்கும், பெரும்பாலானவை நூறு கோடி ஆண்டைக்கூடத் தாண்டுவதில்லை. இது சுமார் 400 கோடி ஆண்டாகச் சிதறாமல் இருக்கிறது. நம் சூரியனுக்கு ஏறக்குறைய ஒத்த வயது. கார்த்திகையையும் இதையும் ஒரே இரவில் பார்ப்பது கைக்குழந்தையையும் தாத்தாவையும் ஒரே வீட்டில் பார்ப்பது மாதிரி.

இரண்டாம் கட்டம்: உத்திரத்துக்குக் கிழக்கே கேலக்ஸிகள்

ஏப்ரல் இரவு 10, 11 மணி. சிங்கத்தின் வால் நுனியில் உத்திரம். அதற்குக் கிழக்கே கன்னி ராசியில் விண்டெமியாட்ரிக்ஸ் என்ற நட்சத்திரம். இரண்டுக்கும் நடுவில் எம்-84, எம்-86. சுற்றி இன்னும் பத்துக்கு மேற்பட்ட மெசியர் கேலக்ஸிகள். 1781 மார்ச் 18 அன்று ஒரே இரவில் மெசியர் இந்தப் பகுதியில் எட்டுக் கேலக்ஸிகளைக் குறித்துக்கொண்டார். எல்லாம் ஒரே கேலக்ஸிக் கூட்டத்தின் உறுப்பினர்கள், ஐந்து கோடி ஒளியாண்டுக்கும் மேலே. அவருக்கு அது தெரியாது, ஆனால் இந்த மூலையில் புகைத்திட்டுகள் குவிந்திருக்கின்றன என்பதைக் கவனித்து எழுதியும் வைத்தார்.

இதற்கு மட்டும் பைனாகுலர் போதாது. ஆறு அங்குல டாப்சோனியன் டெலஸ்கோப் வேண்டும், அதாவது எளிய மரத்தாங்கியில் கையால் திருப்புகிற கண்ணாடித் தொலைநோக்கி. குறைந்த மடங்கு ஐபீஸ் போட்டு, இந்த இரண்டு நட்சத்திரங்களுக்கு நடுவே மெதுவாக நகர்த்துங்கள். எது எம்-84, எது எம்-86 என்று முதல் இரவிலேயே பெயர் சொல்லப் பார்க்காதீர்கள், குழம்பிவிடும். எத்தனை புகைத்திட்டு வருகிறது என்று மட்டும் எண்ணுங்கள்.

அதில் எம்-87-ஐ அவசியம் பிடியுங்கள். 2019 ஏப்ரலில் உலகம் முழுக்க வந்ததே, ஆரஞ்சு வளையமாக ஒரு கருந்துளைப் படம், அது இந்தக் கேலக்ஸியின் நடுவில் இருப்பது. நிறை சூரியனைப்போல 650 கோடி மடங்கு. இங்கே ஒரு வேடிக்கை: திருவண்ணாமலை, ஜவ்வாது மலைப் பக்கம் நின்றால் எம்-87 கிட்டத்தட்ட நேர் உச்சியில் கடக்கும். உச்சியில் காற்றுப் படலம் மெல்லியது, நல்லதுதான். ஆனால் டாப்சோனியனை நேர் மேலே திருப்பி வைத்து நகர்த்துவது பெரிய அவஸ்தை. ஒரு மணி நேரம் முன்னாலோ பின்னாலோ பாருங்கள்.

சித்திரைக்கு நேர் கீழே

இது எந்த வெளிநாட்டு வழிகாட்டியும் நமக்காகச் சொல்லாத பாதை. மே நடுவில் இரவு 10 மணி வாக்கில் சித்திரை நட்சத்திரம் தெற்கில் உயரே நிற்கும். அங்கிருந்து நேர் கீழே, தெற்கு அடிவானம் நோக்கி ஒரு கோடு போடுங்கள். நாலு முஷ்டிக்குக் கொஞ்சம் குறைவாக, 36 டிகிரி இறங்கினால் பைனாகுலரில் பஞ்சு உருண்டை மாதிரி பெரிய ஒளித்திட்டு. ஒமேகா செண்டாரி. ஏறக்குறைய ஒரு கோடி நட்சத்திரங்கள் உள்ள கோளக் கொத்து, நம் பால்வீதியில் இதைவிடப் பெரியது கிடையாது. 17,000 ஒளியாண்டு தூரத்தில் இருந்தும் வெறுங்கண்ணுக்குத் தெரியும். இது மெசியர் பட்டியலில் இல்லை. பாரீஸில் அது உதிப்பதே இல்லை, அதனால் இல்லை. நமக்கோ 31 டிகிரி உயரத்தில் நிற்கும்.

சித்திரைக்கும் ஒமேகா செண்டாரிக்கும் சரியாகப் பாதி வழியில், ஒரு சின்ன அளவு கிழக்கே தள்ளி, எம்-83. சுமார் 1.5 கோடி ஒளியாண்டு தூரத்தில் முகத்தை நம் பக்கம் காட்டி நிற்கும் சுருள் கேலக்ஸி. லகாய் என்ற பிரெஞ்சு வானியலாளர் 1752-இல் தென்னாப்பிரிக்காவின் நன்னம்பிக்கை முனைக்குப் போயிருந்தபோது பார்த்தது. மெசியர் அதைப் பாரீஸிலிருந்து பார்க்க மிகவும் சிரமப்பட்டார், அங்கே 11 டிகிரிக்கு மேல் ஏறாது. நமக்கு 49 டிகிரி. பைனாகுலரில் ஒரு மங்கல் வட்டம், ஆறு அங்குலத்தில் நடுவில் பளிச்சென்ற மையம். பிரகாசத்தைவிட உயரம் முக்கியம் என்பது இந்த ஒரு கேலக்ஸியிலேயே புரிந்துவிடும்.

அதே இரவில், சித்திரையிலிருந்து மேற்கே ஒரு முஷ்டி தள்ளி எம்-104-ஐயும் தேடுங்கள். அஸ்தத்தின் நட்சத்திரங்களுக்கு வடகிழக்கே இருக்கும். விளிம்புப் பக்கம் நம்மை நோக்கியிருப்பதால் நடு உப்பிய ஒரு கோடு போலத் தெரியும். சுவாதியிலிருந்து வடமேற்கே 12 டிகிரியில் எம்-3, கோளக் கொத்து. 1764-இல் மெசியர் தானாக முதலில் கண்டுபிடித்த பொருள் இதுதான். அதற்கு முன் எழுதிய இரண்டும் வேறு ஆட்கள் பார்த்தவை.

விடியற்காலை: கேட்டை, மூலம், பூராடம்

ஜூன் வரை காத்திருந்தால் இந்தப் பகுதி சாயங்காலமே வந்துவிடும், கூடவே மேகமும் வரும். மார்ச், ஏப்ரலில் விடியற்காலை 3, 4 மணிக்கு எழுந்து பாருங்கள். பால்வீதி தெற்கிலிருந்து எழும்பி நிற்கும்.

கேட்டை செந்நிற நட்சத்திரம். அதிலிருந்து மேற்கே ஒன்றரை டிகிரிக்குள் எம்-4, சுமார் 6,000 ஒளியாண்டு, நமக்கு மிக அருகிலுள்ள கோளக் கொத்துகளில் ஒன்று. மெசியர் தன் தொலைநோக்கியில் தனித்தனி நட்சத்திரங்களாகப் பிரித்துப் பார்த்த ஒரே கோளக் கொத்தும் இதுதான்.

மூலம் தேளின் கொடுக்கு. அதன் வடகிழக்கே ஐந்து டிகிரிக்குள் எம்-7, கொஞ்சம் மேலே எம்-6. எம்-7-ஐ இரண்டாம் நூற்றாண்டிலேயே கிரேக்க வானியலாளர் தாலமி குறித்திருக்கிறார். என்னைக் கேட்டால் மொத்தப் பட்டியலிலும் பைனாகுலருக்கு இதைவிட அழகான கொத்து கிடையாது. பாரீஸ்காரருக்கு இது அடிவான மூட்டத்தில் மங்கிய ஒரு சில புள்ளிகள். நமக்கு விரித்த கை நிறைய வைரம்.

பூராடமும் உத்திராடமும் தனுசு ராசியில் ஒரு கெட்டில் வடிவம் போடும். அதன் மூடி உச்சியிலிருந்து வடகிழக்கே இரண்டரை டிகிரியில் எம்-22. ஆங்கில வழிகாட்டிகளில் கோளக் கொத்துகளின் அரசன் என்று ஹெர்குலிஸ் மண்டலத்தில் உள்ள எம்-13-ஐத்தான் புகழ்வார்கள். எம்-22 அதைவிடப் பிரகாசம், வட நாடுகளில் அது தாழ்ந்து நிற்பதால்தான் அந்தப் பட்டம் அதற்குப் போகவில்லை. இரண்டையும் பார்த்துவிட்டு நீங்களே சொல்லுங்கள். எம்-13-ஐப் பற்றி மெசியர், இதில் நட்சத்திரமே இல்லை என்று நிச்சயமாக எழுதினார். உள்ளே பல லட்சம் இருக்கின்றன. ஆறு அங்குலத்தில் 120 மடங்கு வைத்துக் கடைக்கண்ணால் பார்த்தால் ஓரங்கள் ரவை மாதிரி உதிரும்.

நம் ஊரில் கஷ்டமானவை

வடக்கு வானம். எம்-81, எம்-82 இரண்டும் ஐரோப்பியர்களுக்குத் தலைக்கு மேல், நமக்கு உச்சம் தொட்டாலும் 32 டிகிரி. மார்ச் கடைசியில் இரவு 10 மணிக்கு சப்தரிஷி மண்டலத்தின் நாற்கரத்தில் மூலைவிட்டமாக எதிரெதிரே உள்ள பெக்டா, துபே இரண்டையும் கோடாக இணைத்து, துபேயைத் தாண்டி அதே தூரம் போங்கள். 1.2 கோடி ஒளியாண்டு.

கல்யாணத்தில் காட்டுகிற அருந்ததியை எல்லோருக்கும் தெரியும். அருந்ததி-வசிஷ்டர் ஜோடியைத் தாண்டி வால் நுனி நட்சத்திரத்துக்குப் போய், அங்கிருந்து தென்மேற்கே மூன்றரை டிகிரியில் எம்-51. 1845-இல் அயர்லாந்தில் ராஸ் பிரபு தன் 72 அங்குலத் தொலைநோக்கியில் முதன்முதலாகச் சுருள் வடிவம் கண்ட கேலக்ஸி இதுதான்.

ஆண்ட்ரோமெடா, எம்-31, ஜனவரி தொடக்கத்தில் இரவு 7 மணிக்கு. பூரட்டாதியும் உத்திரட்டாதியும் சேர்ந்து ஒரு பெரிய சதுரம். உத்திரட்டாதியின் வடக்கு நட்சத்திரத்திலிருந்து இரண்டாவது பிரகாச நட்சத்திரமான மிராக் வரை போய், அங்கிருந்து வடமேற்கே இரண்டு சிறு நட்சத்திரங்கள் ஏறுங்கள். இரண்டாவதன் பக்கத்தில் நீள்வட்டப் பனி. அங்கிருந்து கிளம்பிய ஒளி வந்து சேர 25 லட்சம் ஆண்டு ஆகியிருக்கிறது.

எம்-33 வேறு மாதிரிச் சோதனை. அட்டவணையில் ஒளி எண் (எண் குறையக் குறையப் பிரகாசம் கூடும்) 5.7, எம்-13-ஐவிடக் கொஞ்சம் அதிகப் பிரகாசம்தான். ஆனால் அந்த ஒளி ஒரு டிகிரிக்கு மேல் பரவிக் கிடக்கிறது. ஒரு ஸ்பூன் சர்க்கரையை டம்ளரில் போடுவதும் குடத்தில் போடுவதும் ஒன்றா? கேலக்ஸிகளுக்கு ஒளி எண்ணோடு அகலத்தையும் சேர்த்துப் பாருங்கள். எம்-33, எம்-101, எம்-74 மூன்றும் எண்ணைப் பார்த்து நம்பி ஏமாறும் ரகம். எம்-33-க்கு டெலஸ்கோப்பைவிடப் பைனாகுலர் நன்றாக வேலை செய்யும், ஆனால் வானம் கறுப்பாக இருக்க வேண்டும்.

நோட்டு

ஒவ்வொரு பொருளுக்கும் தேதி, நேரம், ஊர், கருவி, ஒரு வரி. படம் வரையத் தெரியாவிட்டாலும் ஒரு வட்டம் போட்டு உள்ளே புள்ளி வையுங்கள். வரைய உட்காரும்போதுதான் கண் முன்பு பார்க்காததைப் பார்க்கும். தெரியவில்லை என்றால் 'தெரியவில்லை' என்றே எழுதுங்கள். அதே இடத்தை அடுத்த அமாவாசைக்குத் திரும்பப் பாருங்கள். மார்ச் கடைசி, ஏப்ரல் தொடக்க அமாவாசையில் ஒரே இரவில் 110-ஐயும் ஓட்டமாக ஓடிப் பார்க்கும் மெசியர் மாரத்தான் உண்டு. அதற்கு இரண்டு வருடப் பழக்கமாவது வேண்டும், அவசரம் வேண்டாம்.

என் நோட்டில் எம்-74-க்கு நேரே மூன்று ஜனவரிகளின் 'தெரியவில்லை' இருக்கிறது. மீன ராசியில் ஈட்டா என்ற நட்சத்திரத்திலிருந்து கிழக்கே ஒன்றரை டிகிரிக்குள்தான், இடம் எனக்கு மனப்பாடம். போன தடவை ஏதோ இருந்தது போலத் தோன்றியது. பக்கத்தில் கேள்விக்குறி போட்டு வைத்திருக்கிறேன்.